இடுப்புவலிக்கு இலக்கம் வந்த வரலாறு

தலைநகரில் வாழும் நம் தமிழ்க் குடும்பங்களில் மருந்துச் சீட்டுகளையும் டிஸ்சார்ஜ் தாள்களையும் ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு, பீரோவின் அடித்தட்டில் பத்திரப்படுத்தி வைப்பது வழக்கம். அன்பர்கள் ஒருநாள் அந்தப் பையைக் கொட்டிப் பார்க்க வேண்டும். நாற்பது வயது தாண்டியவர் உள்ள வீடாக இருந்தால், ஏதாவது ஒரு தாளில் ‘எம் 54.5’ என்று ஓர் எழுத்தும் மூன்று எண்களும் கண்ணில் படக்கூடும். பில் நம்பர் என்று எண்ணிப் பலர் அதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். இடுப்புவலி என்பதற்கு உலக நாடுகள் சேர்ந்து கொடுத்த இலக்கம் அது.

அடியேன் மருத்துவம் கற்றவன் அல்லன், பாத்திர வியாபாரி. ஆனால் பொருளுக்கு எண் போடுவது எங்களுக்குப் பழகிய வேலை. எவர்சில்வர் குடமானாலும் கரண்டியானாலும் ஜி.எஸ்.டி. பில்லில் 7323, செம்பு, பித்தளை என்றால் 7418. வரி போடுகிறவருக்கு அது போதும். குடத்தில் ஓட்டை இருக்கிறதா என்று 7323 சொல்லாது. அதை வாங்குகிறவர்தான் தட்டிப் பார்க்க வேண்டும். நோய்க்குப் போடும் எண்ணும் இந்த வகைதான் என்பதும், அதிலும் ‘எம் 54.5’ என்பது “வலி இருக்கிறது, காரணம் இன்னும் எழுதப்படவில்லை” என்பதற்கு மேல் எதுவும் சொல்வதில்லை என்பதும் அடியேன் படித்தறிந்தவை. இதைத் தெரிந்துகொள்ளாததால் நமக்குத் தெரிந்த ஒரு குடும்பம் பட்ட பாட்டைப் பின்னால் சொல்கிறேன். முதலில் வரலாறு.

நோய்களை வகைப்படுத்துவது நம் நாட்டுக்குப் புதிதன்று. வாத நோய்கள் எண்பது, பித்தம் நாற்பது, கபம் இருபது என்று சரக சம்ஹிதை பட்டியல் போடுகிறது. அந்த எண்பதில் முதுகுப் பிடிப்பும் உண்டு, இடுப்பின் அடிப்பகுதிப் பிடிப்பும் உண்டு, ‘கிருத்ரசி’யும் உண்டு. கிருத்ரம் என்றால் கழுகு. இடுப்பிலிருந்து கால் வரை இழுக்கும் வலியோடு ஒருவர் நடக்கிற நடையைக் கழுகின் நடைக்கு ஒப்பிட்டுப் பெயர் வைத்தவர்கள் எவ்வளவு கூர்ந்து பார்த்திருக்க வேண்டும்! சித்த மருத்துவத்தில் நோய்களின் தொகை 4448 என்பது மரபு. இடுப்பு முதுகெலும்புத் தேய்வோடு சேர்ந்த வலியைச் சித்த மருத்துவர்கள் ‘தண்டக வாதம்’ என்பார்கள். யுனானியில் காலுக்கு இறங்கும் வலி ‘இர்குன்னிசா’. நம் ஊர்ப்பக்கத்தில் இதெல்லாம் யாருக்குத் தெரியும்? “குறுக்கு பிடிச்சுக்கிச்சு”, “வாய்வு இறங்கிடுச்சு”, “சுளுக்கு விழுந்துடுச்சு” என்போம். ஒவ்வொன்றும் வேறு வேறு வலி. சொல்கிறவருக்கும் கேட்கிறவருக்கும் அது விளங்கும்.

ஆனால் ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். நம் முன்னோர் வகுத்தது வைத்தியத்துக்காக. எந்த வாதத்துக்கு எந்தத் தைலம் என்று முடிவு செய்யத்தான் அந்த எண்பதும். ஊரில் எத்தனை பேருக்குக் கிருத்ரசி என்று எண்ணிப் பார்க்க அந்தப் பட்டியல் எழுந்ததல்ல. எண்ணுவதற்காகவே எழுந்த வகைப்பாடு வேறிடத்தில், அதுவும் பிணங்களை எண்ணுவதில் தொடங்கியது.

லண்டனில் வாராவாரம் இறந்தோர் கணக்கை அச்சிட்டு விற்றார்கள். இறந்தவர் வீட்டுக்குப் போய் உடலைப் பார்த்துக் காரணம் சொல்வது ஊர்க் கோயில் நியமித்த வயதான பெண்கள் வேலை. அவர்கள் சொன்னதே காரணம். ‘பல்’ என்று ஒரு காரணம், ‘திடீரென’ என்று ஒரு காரணம் அந்தக் கணக்கில் இருந்தன! இந்தத் தாள்களைச் சேர்த்து ஆராய்ந்து 1662-ல் நூல் எழுதியவர் ஜான் கிரான்ட். அவர் வைத்தியரோ பேராசிரியரோ அல்லர். பொத்தான், நாடா, துணிச் சாமான்கள் விற்ற கடைக்காரர். அவரை ராயல் சொசைட்டியில் சேர்த்தபோது, இப்படிப்பட்ட வணிகர்கள் இன்னும் இருந்தால் தயங்காமல் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று இரண்டாம் சார்லஸ் மன்னர் சொன்னதாக அச்சங்கத்தின் வரலாற்றை எழுதிய தாமஸ் ஸ்பிராட் குறிக்கிறார். கடைக்காரனுக்கு ஏன் ஆராய்ச்சி என்று கேட்கிறவர்களுக்கு அடியேன் சொல்லும் பதில் இந்தக் கிரான்ட்தான்.

பிறகு 1839 முதல் வில்லியம் ஃபார் என்பவர் இங்கிலாந்தின் பதிவாளர் அலுவலகத்தில் இந்தக் கணக்கை ஒழுங்கு செய்தார். ஒரே நோய்க்கு நாலு பெயர், நாலு நோய்க்கு ஒரே பெயர் என்று இருந்தால் எண்ணிப் பயனில்லை. மற்ற துறைகளுக்கு எடைக்கல்லும் அளவுகோலும் எப்படியோ அப்படி இதற்குப் பெயர்கள் என்பது அவர் வாதம். 1893-ல் சிகாகோவில் கூடிய சர்வதேசப் புள்ளியியல் கழகத்தின் முன் பாரிஸ் நகரப் புள்ளியியல் தலைவர் ஜாக் பெர்த்தியோன் ஒரு பட்டியலை வைத்தார். 1900-ல் பாரிசில் 26 நாடுகள் கூடி அதைத் திருத்தி ஏற்றன. 179 வகை மரணக் காரணங்கள். இன்றைய ஐ.சி.டி. என்னும் நோய்களின் சர்வதேச வகைப்பாட்டுக்கு அதுவே வேர்.

அக்காலத்தில் நம் ஊரில் என்ன நிலை? சென்னை மாகாணத்தில் 1899-ஆம் ஆண்டுச் சட்டப்படி பிறப்பு இறப்பைக் கிராம அதிகாரி எழுதினார். பிளேகு, காலரா, அம்மை என்றால் அவருக்குத் தெரியும். மற்றதெல்லாம் பெரும்பாலும் ‘காய்ச்சல்’. வடக்கே சௌகிதார்கள் சொன்ன கணக்கும் அதே கதைதான்.

இந்தப் பட்டியல்கள் எல்லாம் இறப்பதற்கானவை. இடுப்புவலியால் யார் சாகிறார்? ஆளைக் கொல்லாது, எழுந்து நடக்கவும் விடாது. மூட்டை தூக்குகிறவனைக் கூலியில்லாமல் உட்கார வைக்கும். ஆனாலும் சாவுக் கணக்கில் அதற்கு ஏது இடம்? ஆகவே அரைநூற்றாண்டுக்கு மேலாக உலகக் கணக்கில் அது கேட்பாரற்றுக் கிடந்தது.

அதைக் கணக்குக்கு அருகில் முதலில் இழுத்துவந்தது பணம். இங்கிலாந்தில் ரயில் விபத்துகள் பெருகியபோது, வெளியில் ஒரு காயமும் இல்லாமல் முதுகுவலி என்று பலர் நஷ்டஈடு கேட்டார்கள். ஜான் எரிக் எரிக்சன் என்ற அறுவை மருத்துவர் 1866-ல் இதைப் பற்றி நூல் எழுதினார். ‘ரயில் முதுகு’ என்றே அதற்குப் பெயர் நிலைத்தது. ரயில் கம்பெனி சார்பில் வந்த மருத்துவர்கள் நடிப்பு என்றார்கள். பயணிகள் சார்பில் வந்தவர்கள் தண்டுவடம் அதிர்ந்துவிட்டது என்றார்கள். எக்ஸ்ரே வந்ததே 1895-ல்தான். அதுவரை நடிப்பையும் நோவையும் எதை வைத்துப் பிரிப்பது? இன்றைக்கு இன்ஷூரன்ஸ் மேசையில் நடக்கிற வழக்காடலின் பாட்டன் இதுதான்.

பின் 1934-ல் பாஸ்டன் நகர மருத்துவர்கள் மிக்ஸ்டர், பார் இருவரும், எலும்புகளுக்கு இடையில் உள்ள வட்டு பிதுங்கி நரம்பை அழுத்துவதால் கால் வரை வலி இறங்குகிறது என்று அறுவை செய்து காட்டி எழுதினார்கள். காரணம் கிடைத்துவிட்டது என்று உலகம் மகிழ்ந்தது. ஆனால் அது சிலருக்குத்தான் பொருந்தியது. இடுப்புவலிக்காரர்களில் ஏறத்தாழ நூற்றுக்குத் தொண்ணூறு பேருக்கு இன்ன எலும்பு, இன்ன வட்டு என்று காரணத்தைக் குறிப்பிட்டுச் சொல்ல முடிவதில்லை என்பதே உலக சுகாதார நிறுவனத்தின் இன்றைய கணிப்பும்.

1948-ல் வந்த ஆறாம் திருத்தம்தான் பெரிய திருப்பம். உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்ற முதல் திருத்தம் அது. இறப்போடு, உயிரோடிருப்பவரின் நோயும் பட்டியலில் முறையாக ஏறியது. ஒன்பதாம் திருத்தத்தில் இடுப்புவலி ‘லம்பாகோ’ என்ற பழைய லத்தீன் பெயரோடு 724.2 ஆனது. 1990-ல் ஏற்கப்பட்டு 1994 முதல் வழக்குக்கு வந்த பத்தாம் திருத்தத்தில் எழுத்தும் எண்ணும் கலந்தன. ‘எம்’ என்றால் எலும்பு, தசை, மூட்டு அத்தியாயம். 54 என்றால் முதுகுவலி. புள்ளிக்குப் பிறகு 5 வந்தால் இடுப்பு.

அந்தப் புள்ளிக்குப் பின்னால்தான் விஷயமே இருக்கிறது. ‘எம் 54.3’ என்றால் காலுக்கு இறங்கும் நரம்பு வலி. ‘எம் 54.4’ என்றால் இடுப்பிலும் வலி, காலிலும் வலி. வட்டு நகர்ந்ததால் வந்த வலி என்று தெரிந்தால் ‘எம் 54’-ஐ விட்டுவிட்டு ‘எம் 51’-க்குப் போக வேண்டும். பாரம் தூக்கிச் சுளுக்கிக்கொண்டதென்றால் காயங்களின் அத்தியாயத்தில் ‘எஸ் 33.5’. காசநோய் முதுகெலும்பில் இறங்கியிருந்தால் ‘ஏ 18.0’, கூடவே ‘எம் 49.0’. முதலாவதற்குக் குத்துவாள் குறி, இரண்டாவதற்கு நட்சத்திரக் குறி. வேருக்கு ஓர் எண், அது காய்த்த இடத்துக்கு ஓர் எண். இத்தனை வாசல்கள் திறந்திருக்க, எதிலும் நுழையாமல் திண்ணையிலேயே உட்கார்ந்திருப்பதுதான் ‘எம் 54.5’. முதல் நாளில் திண்ணையில் உட்காருவது தவறில்லை, அதுதான் நேர்மை. மாதக்கணக்கில் அங்கேயே இருந்தால் யாராவது கேட்க வேண்டும்.

முன்பு சொன்ன குடும்பத்துக்கு வருகிறேன். எங்களுக்குத் தெரிந்த கடை ஒன்றில் வேலை பார்த்த விழுப்புரம் பக்கத்துப் பையன். வயது முப்பதுக்குள். இடுப்புவலி. ஹிந்தி அரைகுறை. டாக்டர் முன்னால் போய் நின்று “கமர் மேம் தர்த்” என்று மூன்றே சொல் சொல்வான். டாக்டரும் மூன்று சொல்லுக்கு உரிய எண்ணைப் போட்டு மாத்திரை கொடுப்பார். ஐந்து மாதத்தில் மூன்று இடங்களில் மூன்று சீட்டு. முதல் சீட்டில் இருந்த எண்ணே மற்ற இரண்டிலும். முந்தைய சீட்டைப் பார்த்து அடுத்தவர் எழுதியிருக்கிறார் என்பது தெளிவு. சாயங்காலமானால் உடம்பு கதகதவென்று இருப்பதையும், பெல்ட்டில் புதுத் துளை போட வேண்டிய அளவுக்கு இளைத்துப்போனதையும், ராத்திரிப் படுத்தாலும் வலி குறையாததையும் தன் மனைவியிடம் தமிழில் விலாவாரியாகச் சொல்லியிருக்கிறான். அதில் ஒன்றும் சீட்டில் ஏறவில்லை. கால் மரத்துப்போன பிறகு வேறோர் ஆஸ்பத்திரியில், தமிழ் தெரிந்த ஒரு நர்ஸம்மா இருந்த புண்ணியத்தில் முழுக்கதையும் வெளிவந்தது. ஸ்கேன் எடுத்தார்கள். முதுகெலும்பில் காசநோய். அரசுத் திட்டத்தின் இலவச மருந்தை ஓராண்டுக்கு மேல் சாப்பிட்டான். இப்போது நடக்கிறான், பாரம் தூக்குவதில்லை, கல்லாவில் உட்காருகிறான்.

எண் போட்டதால் வந்த கேடு என்று இதைச் சொல்ல மாட்டேன். எண்ணைப் பார்த்ததும் விஷயம் முடிந்துவிட்டது என்று மூன்று பேர் நினைத்ததால் வந்த கேடு. இளைப்பு, காய்ச்சல், படுத்தாலும் விடாத வலி, கால் மரத்தல், சிறுநீர் கட்டுப்படாமை இவற்றில் ஒன்று இருந்தாலும் இடுப்புவலியை வெறும் இடுப்புவலியாக விடக்கூடாது என்பது எல்லா மருத்துவ நூல்களும் சொல்வது. சொல்லத்தான் நமக்கு மொழி வேண்டியிருக்கிறது.

பணத்தின் பக்கமும் பார்க்க வேண்டும். 2013-ல் காப்பீட்டு ஒழுங்காற்று ஆணையம் எல்லாக் கம்பெனிகளுக்கும் பொதுவான கிளெய்ம் படிவம் கொண்டுவந்தது. ஆஸ்பத்திரி நிரப்பும் பாகத்தில் ஐ.சி.டி. 10 எண்ணுக்கென்றே கட்டங்கள் இருந்தன. 2019-ல் எதற்கெல்லாம் பணம் தரமாட்டோம் என்பதற்கும் எண் கொடுத்துவிட்டார்கள். பரிசோதனைக்காக மட்டும் அட்மிட் ஆனால் விலக்கு எண் 04. ஓய்வுக்காக என்றால் 05. இடுப்புவலி என்று நான்கு நாள் படுக்கையில் இருந்து, எம்.ஆர்.ஐ. எடுத்து, ஊசி போட்டு வீட்டுக்கு வந்தவரின் தாளில் காரணம் எதுவும் எழுதாமல் ‘எம் 54.5’ மட்டும் இருந்தால், இந்த இரண்டில் ஒன்றைக் காட்டி மறுப்பது எளிது. 2020-ல் வந்த ஆரோக்கிய சஞ்சீவனி பாலிசியில் வட்டுப் பிதுக்கத்துக்கும் முதுகெலும்பு நோய்களுக்கும் 24 மாதக் காத்திருப்பு; விபத்தால் வந்ததென்றால் காத்திருப்பு இல்லை. ஆகவே மாடிப்படியில் விழுந்தவர் விழுந்ததை முதல் நாளே சொல்லி எழுத வைக்க வேண்டும். நடந்ததைத்தான் எழுத வைக்க வேண்டும் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். கிளெய்முக்காக எண்ணை மாற்றித் தரச் சொல்லும் நம்மவர்களையும் பார்த்திருக்கிறேன். பொய்க்கணக்கு எழுதினால் அடுத்த வருஷம் அந்த எண்ணே பழைய நோயாக வந்து நிற்கும்.

இந்தக் குறியீட்டு வேலைக்கு நம் தலைநகர் ஒரு முக்கிய நிலையம். 1961-ல் தொடங்கிய மத்திய சுகாதாரப் புலனாய்வுப் பணியகம் இங்கேதான் இருக்கிறது. 2008-ல் உலக சுகாதார நிறுவனத்தின் வகைப்பாட்டுப் பணிக்கு ஒத்துழைப்பு மையமாக அது ஏற்கப்பட்டது. ஆஸ்பத்திரிப் பதிவேட்டு ஊழியர்களுக்கு அது நடத்தும் பயிற்சி மையங்களில் ஒன்று நம் சப்தர்ஜங் ஆஸ்பத்திரியில், இன்னொன்று புதுச்சேரி ஜிப்மரில்.

தமிழ்நாட்டிலோ இது ஒரு பெருந்தொழிலாகவே வளர்ந்துவிட்டது. அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் சீட்டுகளைப் படித்து எண் போடும் ‘மெடிக்கல் கோடிங்’ வேலையில் சென்னை, திருச்சி, கோவைப் பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். உங்கள் அண்ணன் மகளோ மைத்துனர் மகனோ இருக்கக்கூடும். 2015 அக்டோபர் 1 அன்று அமெரிக்கா ஒன்பதிலிருந்து பத்துக்கு மாறியபோது நோய் எண்கள் சுமார் 14 ஆயிரத்திலிருந்து சுமார் 69 ஆயிரமாக உயர்ந்தன. கிளி கடித்ததற்கே தனி எண்! ஆனால் அவ்வளவு பெரிய பட்டியலிலும் இடுப்புவலி ஒரே எண்ணாகத்தான் இருந்தது. 2021 அக்டோபர் 1 முதல் அவர்கள் அதை மூன்றாகப் பிரித்தார்கள்: காரணம் குறிக்கப்படாதது, முதுகெலும்பு முனைத்தட்டிலிருந்து வருவது, மற்றவை. மூலச் சீட்டில் அமெரிக்க டாக்டர் ஒரு சொல் கூடுதலாக எழுதியிருந்தால் சென்னைப் பிள்ளை சரியான எண் போடலாம். எழுதாவிட்டால் ஊகித்துப் போட அனுமதி இல்லை, முதல் எண்தான். எழுதப்படாத எதுவும் எண்ணாகாது என்று அவர்களுக்கு முதல் வாரத்திலேயே சொல்லிக் கொடுத்துவிடுகிறார்கள். இதை நோயாளிகளுக்குத்தான் யாரும் சொல்லவில்லை.

இந்த எண்ணிக்கையால் நன்மையே இல்லையா என்றால், பெரிய நன்மை உண்டு. கொல்லாத நோய்க்கும் கணக்கு வைத்ததால்தான், உலகில் மனிதர்களை முடக்கிப்போடும் நோய்களில் முதலிடம் இடுப்புவலிக்கே என்பது தெரியவந்தது. 2020-ல் 61 கோடியே 90 லட்சம் பேர். 2050-ல் 84 கோடியைத் தாண்டும் என்று 2023-ல் வெளிவந்த உலக ஆய்வு மதிப்பிட்டது. லண்டன் கிழவிகளின் பட்டியலில் இடமில்லாத நோவு, இன்று அரசுகளின் வரவுசெலவில் இடம் கேட்கிறது.

பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. இதில் ஒரு செய்தி எனக்கு மிகவும் பிடித்தது. இடுப்புவலியை எலும்பு தசை நோய்களின் அத்தியாயத்திலிருந்து எடுத்து, அறிகுறிகளின் அத்தியாயத்துக்கு மாற்றிவிட்டார்கள். புதிய எண் ‘எம்இ 84.2’. அதாவது, இது நோய் அன்று, நோயின் குரல் என்று பட்டியலே ஒப்புக்கொண்டுவிட்டது. அதே சமயம், மூன்று மாதத்துக்கு மேல் விடாமல் நீடித்து வேறு காரணத்தால் விளக்க முடியாத வலியைத் தனியொரு நோயாகவே ஏற்று அதற்கும் எண் தந்திருக்கிறார்கள். ரயில் முதுகுக்காரர்களை நடிப்பு என்று விரட்டிய காலம் போய், காரணம் தெரியாவிட்டாலும் வலி மெய்தான் என்று எழுத நூற்றைம்பது ஆண்டு ஆகியிருக்கிறது.

நம் மரபு மருத்துவமும் இதில் சேர்ந்தது. பதினோராம் திருத்தத்தின் 26-ஆம் அத்தியாயம் முதலில் சீன மரபிலிருந்து தோன்றிய முறைகளுக்கு மட்டுமே இருந்தது. நம் நாட்டில் 2017-ல் ‘நமஸ்தே’ என்ற தளத்தில் ஆயுர்வேத, சித்த, யுனானி நோய்ப் பெயர்களுக்குத் தேசிய எண்கள் கொடுத்தார்கள். அதையடுத்து 2024 ஜனவரி 10 அன்று இதே புதுடில்லியில் அந்த மூன்று மரபுகளுக்குமான இரண்டாம் தொகுதி வெளியிடப்பட்டது. மருத்துவர் நவீன எண்ணோடு இதையும் சேர்த்து எழுதலாம். ஹக்கீம் அஜ்மல் கானின் திப்பியா கல்லூரியை 1921 பிப்ரவரி 13-ல் காந்தியடிகள் திறந்துவைத்தது, நம்மவர் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த கரோல்பாக்கில்தான். அங்கே ஹக்கீமும் வைத்தியரும் ஒரே கூரையின் கீழ்ப் பாடம் சொன்னார்கள். இப்போது இர்குன்னிசாவும் கிருத்ரசியும் உலகப் பட்டியலிலும் ஒரே அத்தியாயத்துக்குள் வந்துவிட்டன.

இனி ஒரு வேண்டுகோள். ஐ.சி.டி. 10 மூன்று தொகுதிகள் கொண்டது. மூன்றாம் தொகுதி அகராதி போன்ற அகரவரிசை. இங்கிலீஷ்காரன் வீட்டில் பேசும் சொற்கள்கூட அதில் உண்டு. அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு சரியான எண்ணுக்குப் போய்விடலாம். தமிழுக்கு அப்படியொரு வழி வேண்டும். குறுக்குப் பிடிப்பு எங்கே போகும், வாய்வு இறங்கியது எங்கே போகும், இழுப்பு, குத்தல், மரமரப்பு, கடுப்பு எங்கெங்கே போகும் என்று, பக்கத்தில் ஹிந்திச் சொல்லும் சேர்த்து, இடுப்புவலிக்கு மட்டுமாவது ஒரு நாலு பக்கத் தாள் போட்டால்கூடப் போதும். நம் சங்கத்தில் ஆஸ்பத்திரிப் பதிவேட்டுப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள் இருக்கிறார்கள், நர்ஸுகள் இருக்கிறார்கள், கோடிங் வேலையில் உள்ள பிள்ளைகளுக்கு ஊரிலிருந்து போனில் உதவவும் முடியும். சொற்களைச் சேர்க்கும் வேலையை அடியேன் தொடங்கியிருக்கிறேன். வட ஆற்காடு, தென் ஆற்காட்டு வழக்குகள் முப்பத்தேழு கிடைத்தன. மதுரை, நெல்லை, நாஞ்சில், கொங்குப் பக்கத்து அன்பர்கள் தங்கள் வீட்டுப் பெரியவர்கள் வலியை எப்படிச் சொல்வார்கள் என்று ஒரு தாளில் எழுதி, சங்க நூலகத்தில் கொடுத்துவைத்தால் ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து வாங்கிக்கொள்கிறேன்.